டாக்கோவும் தோட்டத்து ரொட்டியும்

போன செமஸ்டர் கடைசிப் பரீட்சை முடிந்த அன்று நாங்க நாலு பேரும் கண்டி டவுனுக்கு இறங்கினோம். புதுசா டாக்கோ போடுறாங்க என்று கேள்விப்பட்ட ஒரு கஃபேக்குள் போய் உட்கார்ந்து மெனு கார்டைத் திறந்தோம். திறந்த வேகத்திலேயே மூடினோம். ஒரு பிளேட்டில் மூன்று டாக்கோ. அந்த விலைக்கு எங்கள் போர்டிங்கில் நாலு பேருக்கும் இரண்டு நாள் சமைக்கலாம். ஆளுக்கொரு ஐஸ் கோப்பி குடித்துவிட்டு வெளியே வந்தோம்.

பஸ் ஸ்டாண்டுக்கு நடக்கும்போது எங்களில் ஒருத்தி சொன்னாள்: "அந்தப் படத்தப் பாத்தீங்களா? அது எங்க வீட்டு ரொட்டி. மெல்லிசா தட்டி, உள்ள எறச்சிய வச்சு மடிச்சிருக்காங்க. அவ்வளவுதான்."

அவள் தெல்தோட்டைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவள். நாங்க சிரிச்சோம். அவள் சிரிக்கல்ல. டவுன் ஸ்கூலுக்குப் படிக்க வந்த காலத்தில், இடைவேளையில் சாப்பாட்டுப் பெட்டியின் மூடியை முழுக்கத் திறக்காமல், உள்ளே கையை விட்டு ரொட்டியைப் பிய்த்துப் பிய்த்துச் சாப்பிட்ட கதையை அப்போதுதான் சொன்னாள். மற்றப் பிள்ளைகளின் பெட்டியில் சோறு இருக்கும், இல்லாட்டி பாண். ரொட்டியைக் கண்டால் தோட்டத்துப் பிள்ளை என்று தெரிந்துவிடும். இரண்டு வருஷமாக ஒரே அறையில் இருக்கிறோம். எங்களுக்கு இது தெரியாது.

அன்று இரவே முடிவெடுத்தோம். டாக்கோவை நாங்களே செய்வது. அது எங்கே இருந்து வந்தது, ரொட்டி எங்கே இருந்து வந்தது என்று தேடியும் பார்ப்பது. கலைப்பீடத்தில் வரலாறு படிக்கிற ஆட்களுக்கு லீவில் வேறென்ன வேலை?

சிரட்டைக்கரியும் நாலு ஊர்த் தமிழும்

எங்கள் போர்டிங் பேராதனையில் கலஹா சந்திக்குக் கிட்ட. நாலு பேரும் தமிழ் பேசுகிறவர்கள்தான், ஆனால் தமிழ் நாலு விதம். ஒருத்தி தெல்தோட்டை, ஒருத்தி அக்குறணை, ஒருத்தி மாத்தளை, ஒருத்தி யாழ்ப்பாணம்.

நாங்க செய்யப் போன வகைக்கு மெக்சிகோவில் "கார்னே அசாடா" என்று பெயர். ஸ்பானிய மொழியில் சுட்ட இறைச்சி என்று அர்த்தம். மாட்டிறைச்சியை மெல்லிய துண்டாக வெட்டி, ஊற வைத்து, கரி நெருப்பில் வாட்டி, பொடியாக நறுக்கி, சுடச்சுட ஒரு டோர்ட்டியாவில் வைத்து மடித்தால் டாக்கோ.

இறைச்சி அக்குறணைக்காரியின் பொறுப்பு. அவளுடைய வாப்பா பார்த்து எடுத்துக் கொடுத்த முக்கால் கிலோவைக் கொண்டு வந்தாள். கூடவே அவர் சொல்லி அனுப்பிய ஒரு பாடம்: "நார் எந்தப் பக்கம் ஓடுதெண்டு பாத்து வை. சுட்டபிறகு அதுக்குக் குறுக்கால வெட்டணும். நார் வழியே வெட்டினா செருப்பு மாதிரி இழுக்கும்." இரண்டு தேசிக்காயின் புளி, தட்டிய உள்ளி, வறுத்துப் பொடித்த சீரகம், உப்பு, மிளகாய்த்தூள், கொத்தமல்லித்தழை, கொஞ்சம் எண்ணெய். இவ்வளவும் போட்டு இரண்டு மணித்தியாலம் ஊற வைத்தோம். அதற்கு மேல் விட்டால் தேசிப்புளி இறைச்சியின் வெளிப்பக்கத்தைக் குழைய வைத்துவிடும்.

கரிக்கு எங்களுக்குக் கஷ்டமே இல்லை. இந்த நாட்டில் சிரட்டைக்கரிக்கா பஞ்சம்? பழைய இரும்புத் தாச்சியில் கரியை மூட்டி, மேலே கம்பி வலை. கரி மேல் வெள்ளைச் சாம்பல் படியும்வரை பொறுத்திருந்து பிறகுதான் இறைச்சியைப் போட வேண்டும். பக்கத்துக்கு மூன்று நிமிஷம். எடுத்த உடனே வெட்டாமல் ஐந்து நிமிஷம் ஆற விட வேண்டும், இல்லாட்டி சாறெல்லாம் பலகையில்தான்.

டோர்ட்டியாதான் எங்களைப் படுத்தியது. இரண்டு கப் கோதுமை மா, அரைத் தேக்கரண்டி உப்பு, நாலு மேசைக்கரண்டி எண்ணெய், முக்கால் கப் இளஞ்சூட்டுத் தண்ணி. பிசைந்து அரை மணித்தியாலம் மூடி வைத்து, வெறும் சோடாப் போத்தலால் உருட்டினோம். முதல் இரண்டும் அப்பளமாகி, மடித்ததும் உடைந்தன. தெல்தோட்டைக்காரி எட்டிப் பார்த்தாள். "கல்லு சூடாகல்ல. மெதுவா வெந்தா காஞ்சு போயிரும். நல்லாச் சூடாக்கி, அரை நிமிசத்துல திருப்பி, எடுத்தவுடன துணியில சுத்தி வைங்க." அதற்குப் பிறகு எல்லாம் பட்டு மாதிரி வந்தன. யூடியூப் வீடியோ ஆறு பார்த்தும் எங்களுக்குப் புரியாததை, விடிய நாலு மணிக்கு எழும்பி ரொட்டி சுடுகிற வீட்டில் வளர்ந்தவள் ஒரு வசனத்தில் சொன்னாள்.

பெயரிலேயே இருக்கிற வழி

சல்சாவுக்குத் தக்காளி, வெங்காயம், பச்சை மிளகாய் நறுக்கும்போது ஒரு சண்டை வந்தது. அக்குறணைக்காரி "கொச்சிக்காய எடு" என்றாள். யாழ்ப்பாணக்காரி "அது மிளகாயடி" என்றாள். யார் சரி என்று தேடப் போய் நல்ல கதையொன்று கிடைத்தது.

மிளகாய் மெக்சிகோப் பக்கத்துச் செடி. கொலம்பஸ் அமெரிக்கா போன 1492க்கு முன் ஆசியாவில் அது இல்லை. இங்கே காரம் என்றால் மிளகுதான். பதினாறாம் நூற்றாண்டில் போர்த்துக்கேயர் கொண்டு வந்த புதுக் காய்க்கு, மிளகு மாதிரிக் காரமான காய் என்பதால் மிளகாய் என்று பெயர் வந்தது. கொச்சித் துறைமுகம் வழியாக வந்ததால் கொச்சிக்காய். சிங்களத்திலும் "கொச்சி" இருக்கிறது. ஆக இரண்டு பேரும் சரி. ஒரு பெயர் சுவையை நினைவு வைத்திருக்கிறது, மற்றது கப்பல் வந்த வழியை.

ஆனைக்கொய்யாவும் அப்படித்தான். மெக்சிகோவின் நாவாட்டில் மொழியில் அது "ஆவாகாட்டில்". ஸ்பானியர் வாயில் "அகுவாகாத்தே" ஆகி, ஆங்கிலேயர் வாயில் முதலைப் பழம் போல "அலிகேட்டர் பெயர்" ஆனது. சிங்களத்தில் அது "அலிகெட்டபேர", சுருக்கமாக "அலிபேர". அலி என்றால் யானை, பேர என்றால் கொய்யா. முதலை யானையாக மாறியது இந்த இடத்தில்தான் போல. தமிழில் ஆனைக்கொய்யா. டாக்கோவுக்குப் பக்கத்தில் வைக்க நாங்க மசித்த குவாக்காமோலே இந்தப் பழம்தான். கொய்யாவும் அமெரிக்காக்காரன்தான் என்பது வேறு விஷயம்.

எதிர்த் திசையிலும் சாமான் போனது. டாக்கோ மேல் பிழிகிற தேசிக்காய் ஆசியாவில் இருந்து போனது. கொத்தமல்லி, வெங்காயம், கோதுமை, மாடு எல்லாம் அட்லாண்டிக் கடலுக்கு இந்தப் பக்கம் இருந்து ஸ்பானியர் கொண்டு போனவை. 1520களுக்கு முன் மெக்சிகோவில் ஒரு மாடுகூட இல்லை. "அசல் மெக்சிகன்" என்று மெனு கார்டில் எழுதியிருந்த சாப்பாட்டில் பாதி, உலகத்தின் இந்தப் பக்கத்துச் சாமான். எங்கள் வீட்டு "அசல்" சம்பலின் உறைப்பு அந்தப் பக்கத்துச் சாமான்.

சுரங்கத்துச் சாப்பாடு

மெக்சிகோவின் பழைய டோர்ட்டியா கோதுமையில் இல்லை, சோளத்தில். காய்ந்த சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணீரில் வேக வைத்து, ஊற விட்டு, தோலைக் கழுவி அரைப்பார்கள். வெற்றிலைக்குத் தடவுகிற அதே சுண்ணாம்பு. மூவாயிரம் வருஷத்துக்கு மேற்பட்ட இந்த முறைக்கு நிக்ஸ்டமால் என்று பெயர். சோளத்தில் உள்ள நியாசின் என்ற விற்றமின் சுண்ணாம்பு பட்டால்தான் உடம்பில் சேரும். ஐரோப்பியர் சோளத்தைக் கொண்டு போனார்கள், சுண்ணாம்பை விட்டுவிட்டுப் போனார்கள். விளைவாக இத்தாலியிலும், பிறகு அமெரிக்காவின் தெற்கிலும் சோளத்தையே நம்பி வாழ்ந்த ஏழைகளுக்குப் பெலாக்ரா என்ற நோய் வந்து ஆயிரக்கணக்கில் செத்தார்கள். அந்தச் சுண்ணாம்பு வித்தை மெக்சிகோவின் பழங்குடிப் பெண்களின் கையில் இருந்தது. அவர்களிடம் கேட்கலாம் என்று யாருக்கும் தோன்றவில்லை.

டாக்கோ என்ற பெயருக்கு வரலாற்றாசிரியர் ஜெஃப்ரி பில்ச்சர் சொல்கிற விளக்கம் எங்களை நிமிர்ந்து உட்கார வைத்தது. பதினெட்டாம் நூற்றாண்டு மெக்சிகோவின் வெள்ளிச் சுரங்கங்களில் பாறையை உடைக்க, வெடிமருந்தைக் கடதாசியில் சுற்றி ஓட்டைக்குள் செருகுவார்கள். அந்தச் சுருளுக்கு டாக்கோ என்று பெயர். சாப்பாட்டு டாக்கோக்களில் மிகப் பழைய வகை ஒன்றின் பெயர் "தாக்கோஸ் தெ மினெரோ", அதாவது சுரங்கத் தொழிலாளியின் டாக்கோ. தட்டு வேண்டாம், கரண்டி வேண்டாம். மடித்த துணியில் கொண்டு போய், வேலை நடுவில் நின்ற நிலையில் சாப்பிடலாம்.

இதை வாசித்ததும் தெல்தோட்டைக்காரி சொன்னாள்: "மலைக்குக் கொண்டு போற ரொட்டி."

மெக்சிகோவின் மேல்தட்டுக்காரர்களுக்குச் சோளம் என்றால் இளக்காரம். ஸ்பானியர் தேவாலயத்து அப்பத்துக்கும் தங்கள் மேசைக்கும் கோதுமைதான் கேட்டார்கள். 1899இல் பிரான்சிஸ்கோ புல்னஸ் என்ற மெக்சிகோ அரசியல்வாதி ஒரு புத்தகமே எழுதினார். மனிதர்களைக் கோதுமை இனம், அரிசி இனம், சோள இனம் என்று மூன்றாகப் பிரித்து, முன்னேறக்கூடியது கோதுமை சாப்பிடும் இனம் மட்டும்தான் என்றார். அவர் கணக்கில் சோறு சாப்பிடும் நாங்களும் கீழேதான். அதே மெக்சிகோச் சமையலை, சோளத்தையும் நிக்ஸ்டமாலையும் சேர்த்து, 2010இல் யுனெஸ்கோ உலகத்தின் பண்பாட்டு மரபுரிமைப் பட்டியலில் போட்டது.

கார்னே அசாடாவின் ஊர் மெக்சிகோவின் வடக்கு, முக்கியமாக சொனோரா. அங்கே மாட்டுப் பண்ணையும் கோதுமையும் அதிகம். நாங்க சுட்ட மாதிரிக் கோதுமை டோர்ட்டியா அந்தப் பக்கத்துப் பழக்கம். சொனோராவுக்கும் நம்ம பக்கத்துக்கும் ஒரு தொடர்பு உண்டு. 1960களில் இந்தியாவின் பசுமைப் புரட்சிக்கு வந்த குட்டைக் கோதுமை விதைகளில் ஒன்றின் பெயரே சொனோரா 64. அதை இந்திய வயலுக்குக் கொண்டுவரப் பாடுபட்டவர்களில் முக்கியமானவர் கும்பகோணத்தில் பிறந்த எம். எஸ். சுவாமிநாதன்.

அதற்கும் முன்னாலேயே ரொட்டியும் டோர்ட்டியாவும் ஒரே அடுப்பில் சந்தித்திருக்கின்றன. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கலிபோர்னியாவுக்கு வயல் வேலைக்குப் போன பஞ்சாபி ஆண்களுக்கு, அந்நாட்டுக் குடிவரவுச் சட்டங்களால் ஊரில் இருந்து பெண்களைக் கூட்டி வர முடியவில்லை. பலர் மெக்சிகோப் பெண்களைக் கல்யாணம் செய்தார்கள். அப்படியான ஒரு குடும்பம் யூபா சிட்டியில் நடத்திய சாப்பாட்டுக் கடையில் ரொட்டி கேசடியா பேர் போனது. கூலி வேலைக்குக் கடல் கடந்து போனவர்களின் அடுப்பில் இது நடந்தது என்பதைக் கவனிக்க வேண்டும்.

அரிசி போய் மா வந்த கதை

கலஹா சந்தியில் பஸ் ஏறினால் கலஹா தாண்டித் தெல்தோட்டை. அங்கிருந்து போகிற தூரத்தில் லூல்கந்துர. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் முதல் வர்த்தகத் தேயிலைத் தோட்டம் போட்ட இடம். அதற்கும் முன்னால், 1820களில், கம்பளைக்குப் பக்கத்தில் சின்னபிட்டியவில் ஜோர்ஜ் பேர்ட் கோப்பி போட்டார். கோப்பிக்கும் தேயிலைக்கும் வேலை செய்யத் தமிழ்நாட்டுக் கிராமங்களில் இருந்து ஆட்கள் வந்தார்கள். தலைமன்னாரில் இறங்கி, காடு வழியாக மாத்தளைவரை நடந்தார்கள். வழியில் செத்தவர்களுக்குச் சரியான கணக்கில்லை. அந்த வருகையின் 200 வருஷத்தை நினைத்து 2023 ஜூலை, ஆகஸ்டில் தலைமன்னாரில் இருந்து மாத்தளைவரை ஒரு நடைபயணம் நடந்தது. எங்கள் மாத்தளைக்காரி கடைசி நாள் அதில் நடந்தாள்.

வந்தவர்கள் ரொட்டி சாப்பிடுகிறவர்கள் இல்லை. ஊரில் சோறும் கேழ்வரகுக் கூழும் சாப்பிட்டவர்கள். தோட்டத்தில் சம்பளத்தோடு சேர்த்து அரிசி கொடுத்தார்கள், அதன் விலையைச் சம்பளத்தில் பிடித்தார்கள். அந்த அரிசி பெரும்பாலும் பர்மாவில் இருந்தும் இந்தியாவில் இருந்தும் கப்பலில் வந்தது. 1942இல் பர்மா ஜப்பான் கையில் விழுந்தது. அரிசிக் கப்பல் நின்றது. இலங்கை முழுக்கக் கூப்பன் வந்தது, அரிசிக்குப் பதிலாகக் கோதுமை மா வந்தது. இந்த மண்ணில் கோதுமை விளைவதில்லை. ஒவ்வொரு கிலோவும் கப்பலில் வருகிறது. யுத்தம் முடிந்த பிறகும் மா போகவில்லை. அமெரிக்க உதவி மாவாகவும், பிறகு 1980இல் இருந்து திருகோணமலை பிரிமா ஆலையில் அரைத்த மாவாகவும் வந்துகொண்டே இருந்தது.

தோட்டத்து வாழ்க்கைக்கு மா பொருந்திப் போனதற்குக் காரணம் நேரம். விடிய பெரட்டுக்குப் போக வேண்டும். அதற்கு முன் சமைத்து, பிள்ளைகளை ஆயத்தம் செய்து, கூடையைத் தூக்க வேண்டும். சோறு கறிக்கு நேரமும் விறகும் அதிகம். ரொட்டிக்கு மா, உப்பு, தண்ணி, இருந்தால் தேங்காய்ப்பூ. கட்டசம்பலோடு இரண்டைச் சுற்றிக்கொண்டு போனால் மத்தியானம்வரை தாங்கும். தடிப்பாகத் தட்டுவதும் அதற்குத்தான். எண்ணெய் விட்டு மெல்லிசாகப் போட்டால் மடிக்கலாம், ஆனால் பசி தாங்காது.

1973, 74இல் அந்த மாவும் இல்லாமல் போனது. கூப்பன் அரிசியும் மாவும் வெட்டப்பட்டன. கிராமத்தில் ஒரு மரவள்ளித் துண்டாவது நட நிலம் இருந்தது. லயத்தில் இருந்தவர்களுக்கு நிலம் இல்லை. 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டத்தோடு வாக்கும் போய்விட்டதால் கேட்க ஆளும் இல்லை. தோட்டங்களில் பட்டினிச் சாவுகள் நடந்தன. தெல்தோட்டைக்காரியின் அப்பாயிக்கு அப்போது பதினாறு வயது. கீரை, கிழங்கு, கிடைத்த இலை எல்லாம் அவித்துச் சாப்பிட்டதைச் சொல்லும்போது இன்றைக்கும் அவர் குரலைத் தாழ்த்துவாராம். 2022இல் மா விலை கிடுகிடுவென்று ஏறியபோது அந்த வீட்டில் முதலில் கேட்ட வார்த்தை "எழுபத்தி நாலு".

இப்போது இரண்டு கதையையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மெக்சிகோவில் கோதுமை துரைமார் சாப்பாடு, சோளம் கூலிக்காரன் சாப்பாடு. எங்கள் மலையில் சோறு மரியாதை, கோதுமை ரொட்டி கூலிக்காரன் சாப்பாடு. ஒரே கோதுமை, அங்கே மேலே, இங்கே கீழே. தானியத்தில் உயர்வு தாழ்வு இருந்திருந்தால் இரண்டு இடத்திலும் ஒரே மாதிரித்தானே இருந்திருக்க வேண்டும்? சாப்பிடுகிற கை யாருடையது என்று பார்த்துத்தான் சாப்பாட்டுக்கு மதிப்புப் போட்டிருக்கிறார்கள். அந்தக் கணக்கைத்தான் ஒரு பத்து வயதுப் பிள்ளை சாப்பாட்டுப் பெட்டியின் மூடிக்குக் கீழே மறைத்தது.

மேசையில் எல்லாருக்கும் இடம்

இறைச்சி பற்றியும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். கண்டியில் மாட்டிறைச்சி வெறும் ரெசிப்பி விஷயம் இல்லை. 2013 வெசாக் தினத்தன்று மாடறுப்புக்கு எதிராக தலதா மாளிகைக்கு முன்னால் ஒரு பிக்கு தீக்குளித்து இறந்துபோனார். 2020 செப்டெம்பரில் மாடறுப்பைத் தடை செய்யும் யோசனைக்கு அமைச்சரவை அங்கீகாரம் கொடுத்தது. இரண்டுக்கும் நடுவில், 2018 மார்ச்சில், திகனயிலும் சுற்றியுள்ள ஊர்களிலும் முஸ்லிம்களின் கடைகளும் பள்ளிவாசல்களும் எரிந்தன. மிருகத்தின் மேல் உண்மையான இரக்கம் உள்ளவர்கள் நிறையப் பேர், அவர்களை நாங்க மதிக்கிறோம். ஆனால் "நீ இதைச் சாப்பிடுகிறவன்" என்பது எப்போது ஒரு குற்றச்சாட்டாக மாறுகிறது என்பதை அக்குறணைக்காரிக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. ரொட்டிப் பெட்டிக் கதையை அன்றைக்கு முதலில் விளங்கிக்கொண்டது அவள்தான்.

எங்கள் யாழ்ப்பாணக்காரி மாட்டிறைச்சி தொடமாட்டாள். அவளுக்கு என்று பிஞ்சுப் பலாக்காயை அவித்து, அதே மசாலாவில் ஊற வைத்து, வேறு வலையில் இறைச்சிக்கு முன்னாலேயே சுட்டோம். மெக்சிகோவிலும் டாக்கோவுக்குள் அவரை, உருளைக்கிழங்கு, கள்ளித் துண்டு எல்லாம் வைப்பார்கள். சிரட்டைக்கரிப் புகை பட்ட பலாக்காய் இறைச்சிக்கு முன்னாலேயே முடிந்துவிட்டது என்பதையும் இங்கே பதிவு செய்கிறோம்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டில் வயதானவர்கள் இருந்தால் எழுபத்தி நாலில் என்ன சாப்பிட்டார்கள் என்று கேளுங்கள். தோட்டத்தில், கிராமத்தில், டவுனில், எங்கே இருந்தாலும். கேட்டதை அவர்கள் சொன்ன வார்த்தையிலேயே எழுதி வையுங்கள். ஹந்தானை தேயிலை அருங்காட்சியகத்தில் பழைய இயந்திரங்களும் ஜேம்ஸ் டெய்லரின் சாமான்களும் பத்திரமாக இருக்கின்றன. விடிய நாலு மணிக்கு ரொட்டி தட்டிய கைகளின் கதையை நாங்கதான் எழுத வேண்டும்.

அன்றைக்கு இரவு தெல்தோட்டைக்காரி அப்பாயிக்கு வீடியோ கோல் எடுத்து டாக்கோவைக் காட்டினாள். அப்பாயி ஃபோனைக் கிட்ட வைத்து நல்லாப் பார்த்தார்.

"ரொட்டி நல்லா வந்திருக்கு. ஏன் புள்ள, தேங்கா போடலயா? வெல கூடவா?"